மட்டைக் குவியலில் இருந்தது மண்ணுளி இல்லை

அன்புள்ள மகனுக்கு,

அன்றைக்குத் தோப்பில் இருந்தவர்கள் ஐந்து பேர். உன் அப்பா. என் அண்ணன், அதாவது உன் மாமன். தேங்காய் மட்டை உரிக்கும் ஆறுச்சாமி அண்ணன். ஈரோட்டிலிருந்து பைக்கில் வந்த ஒரு தரகர். வெள்ளைச் சட்டை போட்டிருந்தார், பெயர் எனக்குத் தெரியாது. ஐந்தாவது நான், கோணிப்பையின் வாயை விரித்துப் பிடித்துக்கொண்டு நின்றேன். நீ இல்லை. நீ நாலாம் வகுப்பில் உட்கார்ந்திருந்தாய். மதியம் மூன்றரை மணி இருக்கும். இந்த ஐந்து பேரைத் தவிர வேறு ஒருவரும் அங்கே கிடையாது. முதலில் இதை எழுதி வைக்கிறேன், ஏனென்றால் போன மாதம் உன் நிச்சயதார்த்தத்தில் உன் மாமன் ஸ்டெல்லாவின் அப்பாவிடம் சொன்ன கதையில் இருந்தது இரண்டே பேர்தான். அவரும் உன் அப்பாவும்.

சாப்பாடு முடிந்து எல்லோரும் கை கழுவிக்கொண்டிருந்தார்கள். நான் வெற்றிலைத் தட்டோடு பின்னால் வந்துகொண்டிருந்தேன். சம்பந்தி, உன் அப்பா எப்படித் தவறினார் என்று கேட்டார். உன் மாமன் கையைத் துடைத்துக்கொண்டே, "மாப்ள நல்ல மனுசனுங்க. ஆனா அன்னிக்குக் கொஞ்சம் போட்டிருந்தாருங்க. வேண்டாம் வேண்டாம்னு நாஞ் சொல்லச் சொல்லக் கைய உட்டுப்போட்டாரு. பாம்புக்குத் தெரியுதுங்களா, குடிச்சிருக்கறவன் குடிக்காதவன்னு" என்று சொல்லிச் சிரித்தார். சம்பந்தி "அடப் பாவமே" என்று உன்னைப் பார்த்தார். நீ தலையைக் குனிந்துகொண்டாய். உன் அப்பா குடிகாரர் என்று நீ வெட்கப்பட்டுக் குனிந்த அந்தத் தலையை நான் பார்த்தேன் கண்ணு. பதினாறு வருடம் நான் பொறுத்தது அந்த ஒரு நிமிடத்தில் தீர்ந்துபோனது.

பிறகு நாலு நாள் கழித்துப் போன் செய்தாய். "அம்மா, மாதா கோயில் பதிவுப் புஸ்தகத்துல அப்பா இடத்துல மாமாவே சாட்சிக் கையெழுத்துப் போடட்டும்மா. அவருக்கு ரொம்ப ஆசையா இருக்குது" என்றாய். யோசித்துச் சொல்கிறேன் என்று வைத்துவிட்டேன். யோசித்தாயிற்று. என் பதில் முடியாது என்பது. ஏன் முடியாது என்று உனக்கு யாரும் சொன்னதில்லை, நானும் சொன்னதில்லை, அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுத வேண்டியிருக்கிறது. இதை ஒளித்து வைத்துப் படிக்க வேண்டாம். ஸ்டெல்லாவிடம் காட்டு. அவள் அப்பாவிடமும் காட்டு. யார் படித்தாலும் எனக்குச் சம்மதம்.

உடுமலைப் பக்கத்தில் அப்போது இருதலை மண்ணுளிப் பைத்தியம் பிடித்துத் திரிந்தார்கள். மண்ணுளிப் பாம்பு ஏழைப் பாம்பு. விஷம் கிடையாது, எலி தின்று மண்ணுக்குள் கிடக்கும். அதன் வால் தலையைப் போலவே மழுங்கி இருப்பதால் இருதலை என்று பெயர். அது வீட்டில் இருந்தால் அதிர்ஷ்டம், வெளிநாட்டில் மருந்துக்கு எடுக்கிறார்கள், எடை கூடக் கூட விலை என்று யாரோ கிளப்பிவிட்டார்கள். பிடித்தால் வனத்துறை ஜெயிலில் போடும் என்பதும் எல்லோருக்கும் தெரியும். உன் மாமனுக்குத் தோப்பு இருந்தது, கார் இருந்தது, ஆனாலும் அந்த ஆசை விடவில்லை. உன் அப்பா அவருடைய தோப்பில்தான் ஆட்களையும் காயையும் பார்த்துக்கொண்டிருந்தார் என்பது உனக்கு நினைவிருக்கும். மச்சான் சொன்னால் மறுத்துப் பேசத் தெரியாத மனிதர். அது அவருடைய குறை, அதை நான் மறைக்க மாட்டேன்.

களத்துக்குப் பக்கத்தில் மழையில் நனைந்து கிடந்த பழைய மட்டைக் குவியல். அதற்குள் ஒரு பாம்பு படுத்திருந்தது. நடு உடம்பு மட்டும் ஒரு முழம் தெரிந்தது, தலையும் வாலும் மட்டைக்குள். தடித்த உடம்பு, அசையவில்லை. பழுப்பு நிறத்தில் புள்ளி. ஆறுச்சாமி அண்ணன்தான் முதலில் பார்த்துச் சொன்னார். உன் மாமன் தரகரைப் போன் போட்டு வரவழைத்தார். தரகர் எட்ட நின்று பார்த்துவிட்டு, "குட்டீல இப்பிடித்தானுங்க புள்ளி இருக்கும், பெருசானா அழிஞ்சு போயிரும். மண்ணுளியேதான்" என்றார். ஆறுச்சாமி அண்ணன் பாரையைக் கீழே வைத்துவிட்டு வந்தார். "ஏனுங்க, இது மண்ணுளி இல்லீங்க. மூணு வரிசையா வட்டம் வட்டமாப் போகுது பாருங்க. கண்ணாடி விரியனுங்க இது. கை வெக்காதீங்க" என்றார். உன் மாமன் அவரைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. "நீ மட்டைய உரிக்கறதப் பாரு. பாம்பு உரிக்கச் சொன்னா அப்பக் கூப்புடறேன்" என்றார். தரகர் சிரித்தார். நானும் சிரித்தேன். அதையும் எழுதத்தான் வேண்டும்.

உன் அப்பா குனிந்தபோது அது சீறியது. பிரஷர் குக்கர் விசில் வருவதற்கு முன்னால் நெடுநேரம் ஆவி விடுமே, அப்படி ஒரு சத்தம். உன் அப்பா கையை இழுத்துக்கொண்டார். "மச்சான், சீறுதுங்க" என்றார். "மண்ணுளியும் சீறும் மாப்ள. மரமாட்டம் நிக்காதீங்க, புடிங்க, அம்மணி சாக்க நல்லா விரி" என்றார் என் அண்ணன். இதுதான் "வேண்டாம் வேண்டாம்" என்று அவர் சொன்ன லட்சணம். உன் அப்பா கை வைத்தார். வலது கையில் கட்டை விரலுக்கும் சுட்டு விரலுக்கும் நடுவில் கடித்தது. கடித்துவிட்டு அது மறுபடியும் மட்டைக்குள் போனது. தரகர் பைக்கை எடுத்துக்கொண்டு போனார். அவரை அதற்குப் பிறகு நான் பார்க்கவே இல்லை.

அந்தப் பாம்பின் மேல் எனக்கு ஒரு கோபமும் கிடையாது. அது தன்னால் முடிந்த அளவு சத்தமாகச் சொன்னது. கோபமெல்லாம் காரில் ஏறிய பிறகு நடந்ததற்குத்தான்.

காரை ஓட்டிக்கொண்டே உன் மாமன் பேசினார். "கவர்மெண்டு ஆஸ்பத்திரிக்குப் போனா போலீசுக்கு எழுதுவாங்க. எப்பிடிக் கடிச்சுதும்பாங்க. எதுக்குக் கைய உட்டீங்கம்பாங்க. தரகன் பேரக் கேப்பாங்க. அப்பறம் மூணு பேரும் உள்ளதான் அம்மணி. பையன யாரு பாப்பா?" உன் அப்பா கையைப் பிடித்துக்கொண்டு, "மச்சான் சொல்றதுஞ் செரிதான்" என்றார். வழியில் இருந்த ஒரு சின்ன கிளினிக்கில் நிறுத்தினோம். அங்கே இருந்த டாக்டர் வயதில் சிறியவர், பொறுமையாகத்தான் கேட்டார்: "என்ன ஆச்சுங்க?" உன் அப்பா வாயைத் திறப்பதற்குள் உன் மாமன், "மட்டை உரிக்கறப்ப சிராய் ஏறிருச்சுங்க டாக்டர்" என்றார். டாக்டர் என்னைப் பார்த்து, "சிராயா அம்மா? வீக்கம் இவ்வளவு சீக்கிரம் வராதே" என்று கேட்டார். என்னை, கண்ணு. என்னைப் பார்த்துக் கேட்டார். என் அண்ணன் என்னைப் பார்த்தார். நான் "ஆமாங்க" என்றேன்.

அந்த ஒரு வார்த்தைக்கு நான் இன்றுவரை தண்டனை தேடிக்கொண்டிருக்கிறேன். பாவசங்கீர்த்தனத்தில் எத்தனையோ தடவை சொல்லிவிட்டேன். சாமியார் மாறினார், புதுச் சாமியாரிடம் மறுபடியும் சொன்னேன். அவர் என்னை மன்னித்தார், என் அண்ணனை நான் மன்னிக்க வேண்டும் என்றார். "மன்னிக்கறதுக்கு மொதல்ல அவரு செஞ்சேன்னு சொல்லோணுமில்லீங்க ஃபாதர்" என்றேன். ஜெபத்தில் மன்னிப்பைப் பற்றிய அந்த வரி வரும்போது கோவிலே ஒரே குரலாகச் சொல்லும், நான் மட்டும் வாயை மூடிக்கொள்வேன். திருப்பாடல்களில் பகைவனுக்குக் கேடு கேட்கும் பகுதிகள் எங்கெங்கே இருக்கின்றன என்று எனக்கு மனப்பாடம். ஆண்டவருக்கு என்னைத் தெரியும். அவரிடம் நடிக்க எனக்கு வராது.

டெட்டனஸ் ஊசி போட்டு, வலிக்கு மாத்திரை கொடுத்து அனுப்பினார்கள். சாயங்காலம் உன் அப்பா வாய் கொப்பளித்தபோது எச்சில் சிவப்பாக வந்தது. பல் தேய்ச்சது பட்டிருக்கும் என்றார் உன் மாமன். உனக்கு இட்லி ஊட்டிவிட்டு, இடது கையால் உன் நோட்டுக்கு அட்டை போட்டுக் கொடுத்தார் உன் அப்பா. விடிந்தபோது சிறுநீர் சிவப்பு. முழங்கை வரைக்கும் வீக்கம், கொப்புளம். ஆறுச்சாமி அண்ணன் வேலைக்கு வந்தவர் வாசலில் நின்று எட்டிப் பார்த்தார். ரோட்டுக்கு ஓடி ஒரு ஆட்டோவைக் கூட்டிக்கொண்டு வந்தார், உன் அப்பாவைத் தூக்கி உட்கார வைத்தார். அரசு மருத்துவமனையில் நர்ஸ் கேட்பதற்கு முன்பே, "கண்ணாடி விரியனுங்க, நேத்து மூணரை மணிக்குங்க, வலது கை" என்றார். இவ்வளவுதான் தேவைப்பட்டது. மூன்றே தகவல். அந்த நர்ஸ் ரத்தத்தை ஒரு கண்ணாடிக் குழாயில் எடுத்து மேஜையில் நிறுத்தி வைத்தார். இருபது நிமிடம் அசைக்காமல் வைத்துவிட்டுச் சாய்த்துப் பார்த்தால் உறைந்திருக்க வேண்டுமாம். சாய்த்தார். தண்ணீர் மாதிரி ஓடியது. நர்ஸ் என்னிடம், "நேத்தே ஏம்மா வரல?" என்றார். ஊசி ஏற்றினார்கள், கோயம்புத்தூருக்கு அனுப்பினார்கள், ஆனால் சிறுநீரகம் இரண்டும் போயிருந்தது. பதினோராம் நாள் உன் அப்பா போனார். அடுத்த வாரமே ஆறுச்சாமி அண்ணனைத் தோப்பைவிட்டு நிறுத்திவிட்டார் உன் மாமன். காய் திருடினார் என்று காரணம் சொன்னார்.

அதற்குப் பிறகுதான் நான் பாம்பைப் படிக்க ஆரம்பித்தேன். எட்டாவதோடு நின்ற படிப்பு என்னுடையது. அரசு மருத்துவமனைச் சுவரில் ஒட்டியிருந்த பட விளம்பரத்தை நின்று நின்று பார்த்தேன். பழைய பேப்பர் கடையில் கிடைத்த பள்ளிக்கூடப் புத்தகங்களிலிருந்து படங்களை வெட்டினேன். ஊரில் எங்கே பாம்பை அடித்தாலும் போய்ப் பார்ப்பேன். பால் கணக்கு எழுதும் நோட்டைப் போல ஒன்று தனியாகப் போட்டேன்: தேதி, இடம், எத்தனை முழம், தலை எப்படி, வால் எப்படி, கோடு எங்கே தொடங்கி எங்கே முடிகிறது, விஷம் உண்டா இல்லையா. நீ அதை "அம்மாவோட பாம்பு லெட்ஜர்" என்று கேலி செய்வாய். மூன்று நோட்டு நிரம்பியிருக்கிறது. கல்யாணமானதும் நீயும் ஸ்டெல்லாவும் வடவள்ளி தாண்டிக் குடி போகப் போகிற வீட்டுக்குப் பக்கத்தில் காலி மனை இருக்கிறது, புதர் இருக்கிறது, எலி இருக்கும். ஆகவே கோபத்தை ஒரு பக்கம் வைத்துவிட்டு உனக்குத் தேவையானதைச் சொல்லிவிடுகிறேன்.

நம் பக்கத்தில் பெரும்பாலும் ஆளைக் கொல்வது நாலு. நல்ல பாம்பை எல்லோருக்கும் தெரியும் என்பார்கள், ஆனால் படம் எடுக்காமல் போகும்போது சாரை என்று நினைத்துவிடுவார்கள். சாரைக்குக் கண் பெரியது, உதட்டில் மை தீட்டிய மாதிரிக் கோடுகள், நல்ல நீளம், மனிதனைக் கண்டால் ஓட்டம். அதை அடிக்காதே, உன் வீட்டு எலியெல்லாம் அதற்குத்தான். சுருட்டை விரியன் சின்னது, ஒரு முழம் ஒன்றரை முழம், கல்லோரம் சுருண்டு கிடக்கும், உடம்பை உடம்போடு உரசி அரம் போடுகிற மாதிரிச் சத்தம் கொடுக்கும். அளவைப் பார்த்து ஏமாறாதே. கட்டுவிரியன் பளபளவென்று கறுப்பு, வெள்ளைக் கோடு மெல்லியதாக, பெரும்பாலும் இரண்டிரண்டாக. தலைப்பக்கம் கோடு இருக்காது அல்லது மங்கலாக இருக்கும், வால் நுனி வரைக்கும் போகும். ஓநாய்ப் பாம்பு அதற்கு நேர் எதிர்: கழுத்திலேயே கோடு தொடங்கி வாலுக்குப் போகப் போக மறைந்துவிடும். அதற்கு விஷம் இல்லை. கட்டுவிரியன் கடித்தால் வலிக்காது, எறும்புக் கடி என்று நினைத்து இருந்துவிடுவார்கள். ஆகவே தரையில் பாய் விரித்துப் படுக்காதீர்கள், கட்டில் வாங்குங்கள்.

இனி, கண்ணாடி விரியன். இதைத்தான் நான் கண்ணை மூடிக்கொண்டும் வரைவேன். தலை முக்கோணம், கழுத்து ஒடுங்கி, தலை தனியாகத் தெரியும். முதுகில் மூன்று வரிசை வட்டங்கள், கறுப்புக் கரை கட்டி, சங்கிலி போட்ட மாதிரி ஒழுங்காகப் போகும். மண்ணுளிக்குத் தலையும் கழுத்தும் ஒரே பருமன், கண் சிறுத்திருக்கும், வால் மழுங்கி இருக்கும். அதிலேயே புள்ளி போட்ட ஒரு வகை உண்டு, அந்தப் புள்ளிகள் ஒன்றோடொன்று கலந்து கண்டபடி ஓடும், வரிசை இருக்காது. ஆறுச்சாமி அண்ணன் சொன்னது அவ்வளவும் சரி. மூன்று வரிசை என்றார். எண்ணத் தெரிந்த யாருக்கும் அது தெரிந்திருக்கும்.

இவ்வளவும் கற்றுக்கொண்ட பிறகு ஒரு நாள் அன்றைக்கு ரத்தம் எடுத்த நர்ஸை பஸ்ஸில் பார்த்தேன். என் நோட்டைப் பற்றிச் சொன்னேன். அவர், "நல்லதுங்க அம்மா, ஆனா ஆஸ்பத்திரிக்கு வர்றப்ப பேரு தெரியலீன்னாலும் பரவால்ல. இந்த நாலுக்கும் மருந்து ஒண்ணேதான். பாம்புன்னு சொன்னாலே போதும், நாங்க பாத்துக்குவோம்" என்றார். பெயர் தெரிய வேண்டியதில்லை. மண்ணுளியா விரியனா என்று தெரிந்திருக்கத் தேவையே இல்லை. பாம்பு என்ற ஒற்றை வார்த்தையை அந்த மதியம் உன் மாமன் சொல்லியிருக்கலாம், நான் சொல்லியிருக்கலாம். உனக்கும் இதையே சொல்கிறேன்: யாரை எது கடித்தாலும் கட்டாதே, கீறாதே, வாயால் உறிஞ்சாதே, பாம்பைத் துரத்திக்கொண்டு போகாதே. கடிபட்ட ஆளை நடக்க விடாமல், கையையோ காலையோ அசைக்காமல், மருந்து இருக்கும் அரசு மருத்துவமனைக்குக் கொண்டு போய், நடந்ததை நடந்தபடி சொல். யார் கண்ணைக் காட்டினாலும் சொல்.

இன்னொரு விஷயம் இருக்கிறது. இதை நான் சாமியாரிடம்கூடச் சொன்னதில்லை. நீ கல்லூரியில் கடைசி வருஷம் படித்துக்கொண்டிருந்தபோது உன் மாமனை ஒரு காலையில் பாம்பு கடித்தது. பரணிலிருந்து பழைய பேப்பர் கட்டை இழுத்தபோது விரலில். அதை அடித்து, ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டுக்கொண்டு நேராக என்னிடம் ஓடி வந்தார். "அம்மணி, நீ நோட்டெல்லாம் போட்டு வெச்சிருக்கறயே, இது என்னன்னு பாரு. சீக்கிரம் பாரு." பையைத் திறந்தேன். கழுத்திலேயே கோடு தொடங்கியிருந்தது, வாலில் கோடே இல்லை. பல் பட்ட இடம் வாழைநார் கிழித்த அளவுக்குக்கூட இல்லை. ஓநாய்ப் பாம்பு. ஒரு வார்த்தை சொன்னால் அவர் வீட்டுக்குப் போய்க் காப்பி குடித்திருப்பார். நான், "வரி போட்டிருக்குதுங்கண்ணா" என்றேன்.

"கட்டுவிரியனா? கட்டுவிரியனா அம்மணி?"

"எனக்குத் தெரியிலீங்கண்ணா. டாக்டருகிட்டப் போயிருங்க."

கூடவே நானும் போனேன். மருத்துவமனை வாசலில் இறங்கும்போதே, "பாம்புங்க, பாம்பு கடிச்சிருச்சுங்க, பாம்புங்க" என்று வாட்ச்மேனிடம், சீட்டு எழுதுகிறவரிடம், தரை துடைக்கிற அம்மாவிடம், எல்லோரிடமும் சொல்லிக்கொண்டே ஓடினார். யாரும் கேட்கவே இல்லை, அவரே சொன்னார். அந்த வார்த்தை அவர் வாயில் எவ்வளவு சுலபமாக வந்தது என்று பார்த்துக்கொண்டு பின்னால் நடந்தேன். ஒரு நாள் படுக்க வைத்து, ரத்தத்தைச் சோதித்து, ஒன்றும் இல்லை என்று அனுப்பினார்கள். அந்த நாள் முழுக்க என் அண்ணன் கட்டிலில் நடுங்கிக்கொண்டிருந்தார். பக்கத்தில் உட்கார்ந்து ஜெபமாலை உருட்டினேன். "எனக்காகத்தான் ஜெபிக்கறயா அம்மணி?" என்றார். "ஆமாங்கண்ணா" என்றேன். நேரம் மெதுவாகப் போகட்டும் என்றுதான் ஜெபித்தேன்.

அதில் எனக்குத் திருப்தி கிடைத்ததா என்று கேட்டால், கிடைத்தது. பொய் சொல்ல விரும்பவில்லை. ஆனால் போதவில்லை. பயம் போனதும் அவர் பழையபடி ஆனார், கடைவீதியில் கட்டுவிரியனை வென்றவன் என்று கதை சொன்னார். அப்போதும் பேசாமல் இருந்தேன். அதற்குக் காரணம் நீ. உன் அப்பா போன பிறகு உன்னைப் பள்ளியில் விட்டதும், சைக்கிள் வாங்கித் தந்ததும், கல்லூரியில் சேர்த்ததும் அவர்தான். நீ அவர் தோளில் உட்கார்ந்து தேர் பார்த்தாய். அவர் உன்மேல் வைத்த பாசம் பொய் என்று நான் சொல்ல மாட்டேன், அது எனக்குத் தெரியாது. எனக்குத் தெரிந்தது, அந்தத் தோள் இல்லாமல் உன்னை வளர்க்க எனக்கு வழி இல்லை என்பது. ஆகவே வாயை மூடினேன். அவர் கையிலிருந்து வாங்கிக்கொண்டே, அவரை வெறுத்துக்கொண்டே, நீ உன் காலில் நிற்கும் நாளுக்காக எண்ணிக்கொண்டிருந்தேன். உன்னை அவரிடம் அன்பு வைக்கவிட்டு, இன்றைக்கு அதைப் பிடுங்க வருகிறேன். இது உனக்குச் செய்த அநியாயம். அதற்கு நீ என்மேல் கோபப்பட்டால் வாங்கிக்கொள்வேன்.

ஆனால் அவர் உன் அப்பாவைக் குடிகாரராக்கியது எதற்கு? யாரும் அவரைக் குற்றம் சொல்லவில்லை. பதினாறு வருடத்தில் ஒருவரும் கேட்கவில்லை. தானாகவே ஒரு செத்த மனிதன் மேல் தூக்கிப் போட்டார். உன் அப்பா குடித்து நான் பார்த்ததில்லை. விருந்து வீட்டில் சோடா குடித்தால்கூட வயிற்றைப் பிடித்துக்கொண்டு வருகிறவர். அவர் செய்த ஒரே தப்பு மச்சானுக்கு மரியாதை கொடுத்தது. நீ அவருடைய மகன் என்பதால் சொல்கிறேன், பெரியவர்களுக்கு மரியாதை கொடு, ஆனால் உன் கையை எங்கே வைப்பது என்பதை அவர்களிடம் கேட்காதே.

இப்போது நான் கேட்பதைச் சொல்கிறேன். உன் மாமனைக் கல்யாணத்துக்குக் கூப்பிடாதே என்று சொல்ல மாட்டேன். கட்டாயம் கூப்பிடு. பட்டு வேட்டி எடுத்துக் கொடு. கோவிலில் முதல் வரிசையில், எல்லோரும் பார்க்கும் இடத்தில் உட்கார வை. சாமியார் சாட்சிகளை அழைக்கும்போது அவர் எழுந்திருக்கக் கூடாது, அவ்வளவுதான். எழுந்து போய் உன் அப்பா இடத்தில் கையெழுத்துப் போட வேண்டியவர் ஆறுச்சாமி அண்ணன்.

சாமியாரிடம் கேட்டுவிட்டேன். சாட்சிக்கு ஞானஸ்நானம் வேண்டியதில்லை, வயது வந்து, நடப்பது புரிந்தால் போதும் என்றார். போன செவ்வாய்க்கிழமை ஆறுச்சாமி அண்ணன் வீட்டுக்குப் போனேன். இப்போது ஒரு மில்லில் காவலுக்கு இருக்கிறார். விஷயத்தைச் சொன்னதும் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டார். "எனக்கெதுக்குங்க அம்மணி இதெல்லாம். உங்க கோயில்ல வந்து நான் எங்க நிக்கறது, எங்க உக்கார்றது" என்றார். "அன்னிக்கு உள்ளதச் சொன்னது நீங்க ஒருத்தர்தானுங்க" என்றேன். "உங்கண்ணன் பாத்துட்டே இருப்பாருங்களே" என்றார்.

"அதுக்குத்தானுங்கண்ணா" என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. அவர் மனைவிதான் உள்ளேயிருந்து சிரித்தாள். "கட்டம் போட்ட சட்டைதான் ஒண்ணு நல்லதா இருக்குது, ஆவுமுங்களா?" என்று கேட்டாள். வெள்ளைச் சட்டை நான் எடுத்து வைத்திருக்கிறேன்.

இரண்டாவது, ஸ்டெல்லாவின் அப்பாவிடம் நீ நேரில் போய், என் அப்பா அன்றைக்குக் குடித்திருக்கவில்லை என்று உன் வாயால் சொல்ல வேண்டும். மாமனைத் திட்ட வேண்டாம். அந்த ஒரு வாக்கியம் போதும். நீ குனிந்த இடத்திலேயே நிமிர்ந்து சொல்ல வேண்டும்.

இது இரண்டும் உன்னால் முடியாது என்றால் நான் சண்டை போட மாட்டேன், கல்யாணத்துக்கு வராமல் இருக்கவும் மாட்டேன். உன் அம்மாவாக வந்து முன்னால் உட்காருவேன். ஆனால் என் அண்ணன் அந்தப் பதிவுப் புத்தகத்தை நோக்கி எழுந்தால் நானும் எழுந்திருப்பேன். கிளினிக்கில் அவர் என்ன சொன்னார், நான் என்ன சொன்னேன் என்பதை அந்த இடத்திலேயே, எல்லோர் முன்னாலும் சொல்வேன். என் பங்கையும் சேர்த்துத்தான் சொல்வேன். ஸ்டெல்லாவின் கல்யாண நாளில் அப்படி நடக்க வேண்டாம் என்று நினைக்கிறேன், ஆனால் நடக்காது என்று உனக்கு வாக்குக் கொடுக்க முடியாது.

சாட்சிகளின் பெயரை வரும் ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் கொடுக்கச் சொல்லிச் சாமியார் கேட்டிருக்கிறார். போனில் பேச வேண்டாம், உன் குரலைக் கேட்டால் நான் இளகிவிடுவேன். ஆறுச்சாமி அண்ணன் பெயரைக் கொடுக்கலாமா கூடாதா என்று எழுதி அனுப்பு. வெள்ளிக்கிழமைக்குள் எனக்குப் பதில் வேண்டும்.

அம்மா